கே.எம். என்றொரு விலாசம்

பெரி.அரு.வள்.சாத்தப்பன் செட்டியார் தம் வாழ்நாளில் யாருக்கும் எதையும் நிரூபித்துக் காட்டியதில்லை. அவர் சொன்னால் அது நடந்தது, அவ்வளவுதான். நாற்காலியில் முதுகு படாமல் உட்காரும் அந்த மனிதரை, காரைக்குடியில் ஒரு பிரிண்ட் கடையின் சுழல் ஸ்டூலில் உட்காரவைத்து, தலையில் ரப்பர் குல்லா மாட்டி, "ம், நெனச்சுக்கங்க" என்று ஒரு பெண் சொல்லும் நாள் வந்ததென்றால், அதற்குக் காரணம் அவர் மகள் உமையாளின் கல்யாணம்.

மனிதனின் மண்டைக்குள் இருக்கும் நினைவைப் படமாக உருவியெடுக்கும் பெட்டி வந்தபோது, அது திருட்டு வழக்குக்கு உதவும், வைத்தியத்துக்கு உதவும் என்று பலரும் பேசினார்கள். நம் பக்கத்தில் அது கல்யாணம் பேசத்தான் உதவியது. ஜாதகம் பின்னுக்குப் போனது. பயோடேட்டாவை யாரும் மதிப்பதில்லை. இரண்டு வீட்டாரும் ஆளுக்கொரு பெருமைப் பிரிண்ட்டைக் கொண்டுவந்து முகப்பில் ஓட்டிக் காட்ட வேண்டும். குடும்பம் தலைநிமிர்ந்து நின்ற ஒரு சமயத்தை, பார்த்தவர் தலையிலிருந்து எடுத்த படம். அது சரியாக இருந்தால்தான் தாம்பாளம் மாறும்.

முதலில் இந்தப் படங்களுக்கு அவரவரே பெயர் வைத்துக்கொண்டார்கள். கேட்கவா வேண்டும்? ஒரிஜினல் என்று பெயர் இருக்கும். திறந்தால் பாதி இருட்டாக இருக்கும். பக்கா ஒரிஜினல் என்று பெயர் இருக்கும். திறந்தால் பக்கத்து வீட்டுக்காரரின் தாத்தா வருவார். வழக்குகள் மலிந்தன. கடைசியில், படத்துக்குப் பெட்டியேதான் பெயர் வைக்கும், வைத்த பெயரை அதுவே பூட்டிவிடும், யாரும் மாற்றக் கூடாது என்று சட்டம் வந்தது. அந்த நினைவில் முதலில் காதில் விழும் சொற்களைப் பெட்டி தலைப்பாக எடுத்துக்கொள்ளும். அடுத்து ஒரு புள்ளி. படத்தின் தெளிவைச் சொல்லும் எண். அடுத்த புள்ளிக்குப் பின், நினைவு எங்கிருந்து வந்தது என்பது. அதற்கும் அடுத்து, இடையில் யார் கை பட்டது, என்ன பூச்சுப் பூசப்பட்டது என்பது. பெயரைப் படிக்கத் தெரிந்தவர்கள் படத்தைத் திறந்து பார்ப்பதுகூட இல்லை.

சாத்தப்பன் செட்டியாருக்கு அதைப் படிக்கத் தெரியாது. அவர் வீட்டுப் பெருமைக்கு அது தேவைப்படும் என்று அவர் நினைத்ததும் இல்லை.

"அப்பச்சி, தேவகோட்டையில சாலாச்சி ஆச்சி கண்டிப்பா சொல்லிட்டாக. நேர் பிரிண்டா இருக்கணுமாம்" என்று உமையாள் காலையில் சொன்னாள். "நேர்னா சொந்தக் கண்ணால பாத்தது. முன்ன ஒரு எடத்துல பிரிண்ட் சரியில்லன்னு தாம்பாளத்தைத் தூக்கிக்கிட்டு எந்திரிச்சு வந்துட்டாகளாம்."

"நம்ம வீட்டுத் தாம்பாளத்தைத் தூக்கிக்கிட்டுப் போறதுக்கு எவுக பொறந்திருக்காக?"

"பொறந்திருக்காக அப்பச்சி. சேவுகனைப் பெத்தவுக அவுகதான்."

சேவுகன் நிலாவில் கணக்கராக இருக்கிறான். முன்னோர் பர்மாவுக்குக் கொண்டுவிற்கப் போனதுபோல இப்போது பிள்ளைகள் நிலாவுக்குப் போகிறார்கள். இந்தப் பையனும் உமையாளும் வேலை விஷயமாகப் பேசத் தொடங்கி, வேலை இல்லாத விஷயமாகவும் பேசிக்கொண்டு, அவனில்லாவிட்டால் யாருமில்லை என்று அவள் தன் தாயாரிடம் சொல்லிவிட்ட நிலைமை. அது செட்டியாருக்கும் தெரியும். தெரியாததுபோல இருந்தார்.

"நீ கவலைப்படாத ஆத்தா. மந்திரியை எறக்குன வீடு இது. நான் பக்கத்துல நின்னு பாத்தவன். என் கண்ணைவிட நேர் எது இருக்கு?"

அந்த மந்திரி கதை காரைக்குடியில் எல்லோருக்கும் தெரியும். செட்டியாரின் ஐயா, அதாவது தாத்தா, அருணாசலம் செட்டியார் காலத்தில், கோயில் தேர் வந்துகொண்டிருந்தபோது ஒரு மந்திரியின் மிதவைக் கார் தேருக்கு நேர் மேலே, சாமிக்கும் மேலே, அந்தரத்தில் நின்றதாம். ஊரே வாய்பொத்தி நிற்க, ஐயா ஒருவர் மட்டும் முன்னால் வந்து கைத்தடியை உயர்த்தி, "எறங்குய்யா கீழ!" என்றாராம். கார் இறங்கியது. மந்திரியும் இறங்கி, துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு வடம் பிடித்தார். சாத்தப்பன் செட்டியார் இதைச் சொல்லாத கல்யாணப் பந்தி கிடையாது. அவர் எழுந்து நிற்கும்போதே ரசம் ஊற்றுகிறவர்கள் ஒதுங்கிக்கொள்வார்கள்.

ஆகவே அவர் குல்லாவை மாட்டிக்கொண்டு நினைத்தார். கடைக்கார ஜெனோவா பெட்டியைத் தட்டினாள். சுவரில் படம் ஓடியது.

என்ன படம்! தேரின் ஒவ்வொரு மரச்சிற்பமும் தெரிந்தது. ஐயா வாசல்நிலையைவிட உயரமாக, மார்பில் சந்தனம் மின்ன நின்றார். கைத்தடி உயர்ந்தது. "எறங்குய்யா கீழ!" என்ற குரலில் கடையின் கண்ணாடி அதிர்ந்தது. மந்திரி நடுங்கிக்கொண்டு இறங்கினார். ஒன்றிரண்டு குறை இருந்தது. வலது ஓரத்தில் கறுப்பாக, உருண்டையாக ஏதோ மறைத்தது, அவ்வப்போது ஆடியது. ஐயா பேசும் இடங்களில் பின்னணியில் கறுக்கு முறுக்கென்று ஒரு சத்தம்.

"பெட்டி பழசா?" என்றார்.

"பெட்டி புதுசுங்கய்யா. அதைப் பத்தித்தான் சொல்ல வர்றேன். பேரைப் பாத்தீங்கன்னா..."

செட்டியார் பெயரைப் பார்த்தார்.

எறங்குய்யா_கீழ.2160.கே.எம்.மெருகு.டப்

பார்த்தவர் ஸ்டூலிலிருந்து எழுந்தார். குல்லாவின் ஒயர் இழுத்து, மேசையிலிருந்த பேனா டப்பா உருண்டது.

"கே.எம்.மா? எங்க வீட்டு விஷயத்துல கே.எம்.முக்கு என்ன வேலை?"

"ஐயா, அது இனிஷியல் இல்ல..."

"இனிஷியல் எது, எது இல்லன்னு நீ எனக்குச் சொல்றியா?"

விலாசம் என்பது செட்டியாருக்கு எழுத்து விளையாட்டு அல்ல. பெயருக்கு முன்னால் இருக்கும் அந்த எழுத்துகள்தான் ஒரு மனிதன் எந்த வீடு, யார் பேரன், யார் மகன் என்று சொல்கின்றன. அவை மாறினால் ஆளே மாறிவிடுவான். கே.எம். என்பது அவருடைய பங்காளி கே.எம்.அடைக்கலவன் செட்டியாரின் விலாசம். வீடும் அடுத்த வளவுதான். அடைக்கலவன் தன் வீட்டுக் கல்யாணப் பத்திரிகையில் சாத்தப்பன் செட்டியாரின் விலாசத்தில் 'பெரி'யை விட்டுவிட்டு அச்சடித்தார் என்பதற்காக இரண்டு வீட்டுக்கும் பேச்சுவார்த்தை நின்று வெகுகாலமாயிற்று. எழுத்தைத் தின்றவன் இப்போது எழுத்தை ஒட்டவும் தொடங்கிவிட்டானா?

ஜெனோவா வாசல்வரை ஓடிவந்து, "ஐயா! அது கேமரா பிரிண்டுங்கய்யா!" என்று கத்தினாள். செட்டியார் அதற்குள் ரிக்‌ஷாவில் ஏறிவிட்டார். அது பறக்கும் ரிக்‌ஷா. ஆனாலும் அவர் அதைத் தரையில்தான் ஓட்டச் சொல்வார்.

அடைக்கலவன் செட்டியார் முகப்பில் உட்கார்ந்து, ஊறவைத்த அவலை ஸ்பூனால் தின்றுகொண்டிருந்தார். பல் போய்விட்டது, தீனி போகவில்லை.

"வாடா சாத்தப்பா! வழி தெரிஞ்சு வந்துட்டியே. உக்காரு, அவல் திங்கிறியா?"

"உக்கார வரல. எங்க ஐயா மந்திரியை எறக்குன படத்துல உன் விலாசம் எப்படி வந்துச்சு? கடைக்காரிக்கு என்ன குடுத்த?"

"என்ன படம்? என்ன விலாசம்?"

"கே.எம்.னு போட்டிருக்கு. கொட்டை எழுத்துல."

அடைக்கலவன் ஸ்பூனைக் கீழே வைத்தார். பிறகு சிரிக்கத் தொடங்கினார். சிரிப்பு இருமலாகி, இருமல் மறுபடியும் சிரிப்பாகி, உள்ளேயிருந்து மருமகள் தண்ணீர் கொண்டுவந்து கொடுத்துவிட்டுப் போனாள்.

"டேய், கே.எம்.னா நான் இல்லடா. கேமரா பிரிண்டு. என் மருமகன் சிவகங்கையில இந்தக் கடைதான் வச்சிருக்கான். இதுக்கு ஒரு நல்ல தமிழ்ச் சொல்லு கண்டுபிடிக்கணும்னு சர்க்கார் ஒரு குழு போட்டாகளாம். குழு இன்னும் காபி குடிச்சுக்கிட்டிருக்கு. அதுவரைக்கும் கேமராவைச் சுருக்கி கே.எம்."

"கேமரா எங்க இருந்துச்சு அன்னைக்கு?"

"அந்தக் காலத்துல கொட்டகையில படம் ஓடுறப்ப திருட்டுத்தனமா கேமராவை வச்சு எடுப்பாகளாம். படத்தோட சேத்து முன் சீட்டுக்காரன் தலையும் விழும், அவன் முறுக்குத் தின்ற சத்தமும் விழும். அதுதான் கேமரா பிரிண்டு. நினைவுலயும் அப்படித்தான். நீயா பாத்தா நேர். இன்னொருத்தன் பாத்துச் சொல்லி, அதை நீ மனசுக்குள்ள படமா எடுத்து வச்சிருந்தா கே.எம்."

"நான் பாத்தேன்."

"எப்படிடா பாத்திருப்ப? அந்தத் தேரு ஓடுனப்ப நீ இந்த ஊர்லயே இல்ல. பலவான்குடியில உன்னைப் பெத்தவுக வீட்டில மூக்கு ஒழுகிக்கிட்டு நின்ன. அதுக்கு அடுத்த தையிலதானே உங்க ஐயா மகன் வள்ளியப்ப சித்தப்பா உன்னைப் பிள்ளை கூட்டிக்கிட்டு வந்தாக?"

செட்டியார் விரல்விட்டு எண்ணத் தொடங்கி, பாதியில் கையை மடக்கிக்கொண்டார்.

பிள்ளை கூட்டுவது நகரத்தாரிடத்தில் ஒளிக்கிற காரியமன்று. ஆண் வாரிசு இல்லாத வீட்டுக்கு, அதே கோயில் பங்காளி வீட்டிலிருந்து ஒரு பையனைக் கேட்டு வாங்கி, பத்துப் பேர் முன்னிலையில் மாலை போட்டு அழைத்துவருவார்கள். மாலை விழுந்த நிமிடத்திலிருந்து அவன் இந்த வீட்டுப் பிள்ளை, விலாசம் மாறிவிடும். சாத்தப்பன் செட்டியாருக்கு இது நன்றாகத் தெரியும். தேர் ஓடிய வருஷமும் தெரியும். இரண்டையும் ஒருநாளும் பக்கத்தில் வைத்துப் பார்த்ததில்லை, அவ்வளவுதான்.

"வந்த புதுசுல நீ அழுதுக்கிட்டே இருந்த. சோறு எறங்கல" என்றார் அடைக்கலவன். "உங்க ஆத்தா என்னைக் கூப்பிட்டு, ஒரு கிண்ணம் மணகோலம் பலகாரத்தைக் கையில குடுத்து, இவனுக்கு எதாச்சும் கதை சொல்லுடான்னாக. நான் உன் முன்னால உக்காந்து தின்னுக்கிட்டே இந்த மந்திரி கதையைச் சொன்னேன். படத்துல வலது பக்கம் கறுப்பா ஒண்ணு மறைச்சுச்சா?"

"மறைச்சுச்சு."

"கறுக்கு முறுக்குன்னு சத்தம்?"

"...கேட்டுச்சு."

"மண்டை என்னுது. மணகோலம் உங்க வீட்டுது."

சண்டைக்குப் பிறகு முதல்தடவையாகச் செட்டியார் அந்த முகப்பில் உட்கார்ந்தார். முதுகு மட்டும் நிமிர்ந்தே இருந்தது. "இன்னைக்குச் சாயங்காலம் தேவகோட்டைக்காரவுக வர்றாக" என்றார். "நேர் பிரிண்ட் இல்லாட்டி எந்திரிச்சுப் போயிருவாக. உமையா மனசு வேற அங்க இருக்கு." நிறுத்தினார். அடுத்த வார்த்தை வெளியே வருவதற்கு வெகுநேரம் பிடித்தது. "அண்ணே, நீ பாத்தேல்ல?"

"இதைக் கேக்க உனக்கு இத்தனை காலமாச்சா? எந்திரி. அந்தக் குல்லாவை மாட்டிப் பாக்கணும்னு எனக்கும் ஆசைதான். மருமகன் கடையில ஓசியில மாட்டவிட மாட்டேங்குறான்."

ஜெனோவா, கோபத்தோடு போய்த் திரும்பி வந்த செட்டியாரையும், கூடவே சிரித்துக்கொண்டு வந்தவரையும் பார்த்து ஒன்றும் கேட்கவில்லை. குல்லா அடைக்கலவன் தலைக்கு ஏறியது. பெட்டி முனகியது. பெயர் வந்தது.

ஐயையோ_வேட்டி.240.நேர்.முழு

"நேர்!" என்றார் அடைக்கலவன். "பாத்தியா? முழு வேற, வெட்டு ஒட்டு இல்ல."

"அதென்ன வேட்டி?" என்றார் செட்டியார்.

படம் ஓடியது. ஓடியது என்று சொல்லலாமே தவிர, தெரிந்தது என்று சொல்ல முடியாது. அடைக்கலவனுக்குச் சிறுவயதிலேயே கிட்டப்பார்வை. கண்ணாடி போட்டது பிற்பாடு. திரை முழுதும் பால் கொட்டியதுபோல இருந்தது. நாலைந்து வெள்ளைகள் அசைந்தன.

"இதுல ஐயா எங்க?"

"அந்தா, வெள்ளையா ஆடுறது."

"அது தேர்ச்சீலை."

"அப்ப இது."

ஆனால் ஐயாவின் குரல் துல்லியமாக இருந்தது. கண் மங்கிய பிள்ளைக்குக் காது கூர்மை. "ஐயையோ! வேட்டி! வேட்டி மாட்டிருச்சு! மேல இழுக்குதுய்யா! எறக்குங்கய்யா, எறக்குங்க, மந்திரி ஐயா, ஒங்களுக்குப் புண்ணியமாப் போகும்!" காரின் அடிக்காற்றாடி உர்ரென்றது. கூட்டம் ஊவென்றது. கார் தரையில் உட்காரும் சத்தம். "மன்னிச்சுக்கங்க செட்டியாரே, டிரைவர் புதுசு" என்று மந்திரியின் குரல். பிறகு, வெட்கத்தை மறைக்க வேறு வழி தெரியாதவராக, "கொடுங்க, நானும் வடம் பிடிக்கிறேன்" என்றார்.

ஜெனோவா படத்தை நிறுத்தினாள்.

"எறங்கச் சொன்னது உண்மைதானே?" என்றார் அடைக்கலவன் மெதுவாக. "உனக்குச் சொல்றப்ப வேட்டியை மட்டும் விட்டுட்டேன். அழுற பிள்ளைகிட்ட வேட்டியைப் பத்தி என்னத்தைச் சொல்றது?"

"ஏம்மா" என்று செட்டியார் ஜெனோவாவிடம் திரும்பினார். "பொய்யா வந்தது கண்ணைப் பறிக்குது. நிஜமா வந்தது ஒண்ணும் தெரியல. ஒன் பெட்டிக்கு இது அநியாயமாப் படலையா?"

"நம்பரை வச்சு ஏமாறக் கூடாதுங்கய்யா. பாத்தது நாளாக நாளாக மங்கும். கேட்டது சொல்லச் சொல்லப் பளபளக்கும். பந்திக்குப் பந்தி நீங்க துடைச்சு வச்சிருக்கீங்க, அதான் ரெண்டாயிரத்துச் சொச்சம். மெருகுன்னு பக்கத்துலயே போட்டிருக்கு பாருங்க. டப்னு இருக்கே, அது ஐயா குரல் இல்ல, உங்க குரல்." அவள் குரலைத் தாழ்த்தினாள். "ஒண்ணு சொல்லவா? மதுரையில ஒரு ஆளு இருக்காக. கே.எம்.மை எடுத்துட்டு நேர்னு போட்டுத் தந்துருவாக. பூட்டை உடைச்சதே தெரியாது. நெறைய வீட்டில அப்படித்தான் ஓடுது."

அடைக்கலவன் செட்டியாரின் முகத்தைப் பார்த்தார். மகள் கல்யாணம். மாலைக்குள் மதுரை போய்த் திரும்பிவிடலாம்.

"விலாசத்தை மாத்துறதுன்னா" என்றார் சாத்தப்பன் செட்டியார், "பத்துப் பேரைக் கூட்டி, மாலை போட்டு, அவுக முன்னால மாத்தணும். எனக்கு அப்படித்தான் மாத்துனாக. சந்துல வச்சு மாத்துறதுக்குப் பேரு வேற. அந்தப் பேரு எங்க வீட்டுக்கு வேணாம்."

"அப்ப எதைக் காட்டப் போறே?"

"கே.எம்.மைத்தான். பேரைச் சத்தமாப் படிச்சுட்டுக் காட்டுவேன்."

மாலையில் தேவகோட்டைக்காரர்கள் வந்து, தங்கள் வீட்டு நேர் பிரிண்ட்டை முதலில் ஓட்டிக் காட்டினார்கள். கதிரேசன் செட்டியார் அதிகம் பேசாதவர். அவர் பேச வேண்டியதையும் சேர்த்து அவர் மனைவி சாலாச்சி ஆச்சி பேசுவாள். பெட்டி இல்லாமல் பூட்டிய பெயர் திறக்காது என்பதால், பெட்டியையும் குல்லாவையும் தூக்கிக்கொண்டு ஜெனோவாவும் வந்திருந்தாள். அடைக்கலவன் தம் பங்காளி உரிமையில் முதல் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். செட்டியாரின் மனைவி சிகப்பி ஆச்சி அவரைப் பார்த்துவிட்டுக் கணவரின் காதருகே, "இவுக எப்ப வந்தாக? சண்டை முடிஞ்சுச்சா, இல்ல சண்டைக்கு வந்திருக்காகளா?" என்றாள்.

செட்டியார் நடுவில் எழுந்து நின்றார். சுவரில் தெரிந்த பெயரை ஒவ்வோர் எழுத்தாக, கோயிலில் விலாசம் வாசிப்பதுபோல வாசித்தார். "இது நான் பாத்ததில்லை. இந்தா உக்காந்திருக்காக, எங்க பங்காளி, இவுக எனக்குச் சொன்னது. இவுக வீட்டில பொறந்து எங்க வீட்டுக்குப் பிள்ளை வந்த நினைவு. நானும் அப்படி வந்தவன்தான். நேர்ல நடந்தப்ப வேட்டியும் கொஞ்சம் மாட்டியிருக்கு. பொய் சொல்லிப் பெண்ணைக் குடுக்குற வழக்கம் இங்க இல்ல."

படம் ஓடியது. ஐயா வானளாவ நின்றார். மணகோலம் நொறுங்கியது. அடைக்கலவன் கூச்சமில்லாமல், "நல்ல கைப்பக்குவம், உங்க ஆத்தாவுக்கு" என்றார்.

சாலாச்சி ஆச்சி சிரிக்கவில்லை. படம் முடிந்ததும் கைகளைக் கட்டிக்கொண்டாள்.

"அண்ணே, நீங்க மறைக்காம சொன்னது பெரிய காரியம். ஆனா நான் கேட்டது நேர். எம் மகன் போறது உங்க வீட்டு மருமகனா. இந்த வீட்டுல பெரியவுக எப்படி இருந்தாகன்னு பாத்தவுக கண்ணால பாக்கணும்னுதான் கேட்டேன். கதை எங்க வீட்டுலயும் கிடக்கு. உங்க ஐயாவை நீங்க ஒங்க கண்ணால பாத்தது ஒண்ணுகூடவா இல்ல?"

செட்டியார் ஜெனோவாவின் பக்கத்திலிருந்த குல்லாவைப் பார்த்தார்.

இருந்தது. ஒன்றே ஒன்று. அதை அவர் மனைவியிடம்கூடச் சொன்னதில்லை. அருணாசலம் செட்டியாரின் மானம் அதில் இருந்தது என்று அவர் நம்பினார். அதைக் காப்பதற்காகத்தான் ஒருவேளை மந்திரியைப் பந்திக்குப் பந்தி அவ்வளவு உயரத்திலிருந்து இறக்கினாரோ என்னவோ.

கதிரேசன் செட்டியார் துண்டை எடுத்துத் தோளில் போட்டார். அது எழுந்திருப்பதற்கு முந்திய அசைவு. தூண் ஓரத்தில் உமையாள் அழவில்லை. யாரையும் பார்க்காமல், விருந்தாளிகள் பாதி குடித்து வைத்திருந்த காபி டம்ளர்களை ஒவ்வொன்றாக எடுக்கத் தொடங்கினாள். செட்டியார் அந்தக் கைகளைப் பார்த்தார்.

"குல்லாவைக் கொண்டா" என்றார்.

"ஐயா, நல்லா யோசிச்சுக்கங்க. ஒருதடவை பேரு விழுந்தா..."

"கொண்டாம்மா."

சுவரில் முதலில் தரை தெரிந்தது. இதே முகப்பின் தரை. ஆனால் மேலிருந்து பார்ப்பதுபோல, மெதுவாக நகர்ந்தது. பிறகு ஒரு வழுக்கை மண்டை. நடுவில் சந்தனம் அழிந்திருந்தது. அதன் இரண்டு காதுகளையும் இரண்டு சின்னக் கைகள் இறுக்கிப் பிடித்திருந்தன. மண்டை இப்படியும் அப்படியும் ஆடியது. "ஏறுடா பேராண்டி, ஏறு! யானை எங்க போகணும்? பலவான்குடிக்கா? இந்தா போறோம், அழாத, யானைக்குக் கரும்பு குடு" என்று, அடைக்கலவனின் படத்தில் வேட்டிக்காக அலறிய அதே குரல் மூச்சு வாங்கிக்கொண்டு பேசியது. வேட்டி தார்ப்பாய்ச்சிக் கட்டியிருந்தது. முழங்கால் இரண்டும் தரையில். தூணைச் சுற்றி வந்தது யானை. ஒரு சின்னக் குரல், அழுகை முழுதாக நிற்காமலே, சிரித்தது.

திரையின் அடியில் எழுத்துகள் விழுந்தன.

ஏறுடா_பேராண்டி.720.நேர்.முழு

முகப்பில் இருந்தவர்கள் எல்லோரும் சுவரைப் பார்த்தார்கள். செட்டியார் மட்டும் வாசலைப் பார்த்துக்கொண்டு நின்றார். ஊரில் தலைநிமிர்ந்து நடந்த ஒரு மனிதரை நாலு காலில் நிறுத்தி ஊருக்குக் காட்டிவிட்ட குற்றத்துக்கு வரப்போகும் தீர்ப்பு எதுவானாலும், அதை நின்றபடியே வாங்கிக்கொள்வது என்ற நிற்பு.

"இதை ஏண்ணே மொதல்லயே காட்டல?" என்றாள் சாலாச்சி ஆச்சி. குரல் வேறு மாதிரி இருந்தது.

"பெரிய மனுசர் இப்படி இருந்ததை நாலு பேருக்குக் காட்டுறதாக்கும்?"

"மந்திரியை எறக்குனதை ஊரே பாத்திருக்கு. இதைப் பாக்க ஆளே இல்ல. இருந்தும் செஞ்சிருக்காகளே." அவள் கணவரின் தோளிலிருந்து துண்டை எடுத்து மடித்து அவர் மடியிலேயே வைத்தாள். "உக்காருங்க. தாம்பாளத்தை எடுக்கச் சொல்லுங்க, சிகப்பி ஆச்சி. இது ரத்தப் பேரன்கூட இல்ல, வந்த பிள்ளை. வந்த பிள்ளைக்கே இந்த வீட்டுல யானை கிடைச்சிருக்கு. எம் பேரப்பிள்ளைக்கு என்ன குறை வரப்போவுது?"

அடைக்கலவன் மூக்கை உறிஞ்சினார். "என்கிட்டகூடச் சொல்லலையேடா. நான் அவ்வளவு கதை சொன்னேனே உனக்கு."

தாம்பாளம் மாறியது. வெற்றிலை பாக்கு மாறியது. கதிரேசன் செட்டியார் அன்று முதன்முதலாக வாய் திறந்து, "பலகாரம் இன்னும் இருக்கா?" என்று கேட்டார். பேச்சு சகஜமாகிவிட்டது. சாலாச்சி ஆச்சி விடுவதாயில்லை.

"சம்பந்தி, கேக்குறேன்னு நெனைக்காதீக. நாளைக்கு ஒரு பேரப்பிள்ளை வந்தா, உங்க முதுகு இப்படி வளையுமா?"

எல்லோரும் செட்டியாரின் முதுகைப் பார்த்தார்கள். அது வளைந்ததாக யாருக்கும் நினைவில்லை.

செட்டியார் தொண்டையைச் செருமிக்கொண்டார். மானம் போனதாக நினைத்தது மாலையாக வந்து விழுந்திருக்கிறது. அதைக் கழுத்தில் நேராக்கிக்கொள்ள அவருக்கு வெகுநேரம் ஆகவில்லை.

"அதென்ன அப்படிக் கேட்டுட்டீக? யானை ஆகுறது எங்க வீட்டு வழக்கம். ஐயாவுக்கு அவுக ஐயா ஆகியிருக்காக. அவுகளுக்கு அவுக ஐயா. தலைமுறை தலைமுறையா வர்றது. நான் பல தடவை பாத்திருக்கேன்."

மேசையின்மேல் பெட்டி மெல்ல முனகியது. குல்லா இன்னும் அவர் தலையில் இருந்தது. சுவரில், வரிசையாக யானைகள் நடக்கும் ஒரு பிரமாதமான வெளிச்சம் படர, அதன் அடியில் எழுத்துகள் ஒன்றன்பின் ஒன்றாக வரத் தொடங்கின.

தலைமுறை_தலைமுறையா.2160.

அடுத்த எழுத்து விழுவதற்குள், டம்ளர்களை அள்ளிக்கொண்டு உள்ளே போன உமையாள், போகிற போக்கில் காலால் பிளக்கைத் தட்டிவிட்டாள்.